பதினோராம் நாள் மை

"பதினாலு நாள்னா பதினாலு நாள்தான் மேடம். இதுல பேரம் பேச என்ன இருக்கு?" என்றாள் கண் மருத்துவமனை நர்ஸ், போனில்.

"பதினொண்ணு?" என்றாள் லைப்ரரியன்.

"மேடம்!"

"சரி, இமைக்கு மேல மட்டும்? உள்ள படாம, லேசா?"

"மை, மஸ்காரா, ஐலைனர் எதுவும் கூடாது. பதினாலு நாள் முடிஞ்சதும் டாக்டர் பாத்து சரின்னு சொன்னா, புதுசா வாங்கிப் போட்டுக்குங்க. பழசுல கிருமி இருக்கும். எல்லாத்தையும் தூக்கி எறிஞ்சுட்டீங்கல்ல?"

"எறிஞ்சாச்சு."

அது உண்மை. லேசர் சிகிச்சை முடிந்து வீட்டுக்கு வந்ததும், டாக்டர் சொன்னபடி பழைய மை டப்பாவையும் காய்ந்துபோன மஸ்காராவையும் குப்பையில் போட்டவள்தான் அவள். கல்லூரி நூலகத்தில் பதினெட்டு வருஷம் வேலை பார்ப்பவள். சொன்னதைச் சொன்னபடி செய்கிறவள். ஆனால் கல்லூரி விழா பதினோராம் நாள் வந்து தொலைத்தது.

சிக்கல் என்னவென்றால், கண்ணாடி போனதும் முகமே வேறாகிவிட்டது. முப்பது வருஷம் தடிக் கண்ணாடிக்குப் பின்னால் இருந்த இடம் வெளுத்துக் கிடந்தது. மூக்கின் இரண்டு பக்கமும் இரண்டு பள்ளம். கண் என்று இரண்டு இருந்தது, அவ்வளவுதான். பார்க்கிறவர்கள் எல்லாரும் ஒரே கேள்வியைக் கேட்டார்கள்.

"உடம்பு சரியில்லையா மேடம்?"

கேன்டீன்காரர் கேட்காமலேயே வெந்நீர் கொண்டுவந்து வைத்தார். பஸ்ஸில் அவளைவிடப் பத்து வயது பெரியவர் ஒருவர் எழுந்து இடம் கொடுத்தார்.

"நான் எப்படி இருக்கேன்?" என்று கணவனைக் கேட்டாள்.

"நல்லாத்தான் இருக்கே," என்றான் அவன், பேப்பரிலிருந்து தலையை எடுக்காமல்.

சாதாரண விழாவாக இருந்தால் போகட்டும் என்று விட்டிருப்பாள். புதிய வாசிப்பு அறையைத் திறந்து வைக்க வருகிறவள் ஒட்டடைக்குச்சி.

அழைப்பிதழில் அந்தப் பெயர் இல்லை. பெரிய கட்டுமானக் கம்பெனியின் தலைவி, இத்தனை பாலங்கள் கட்டியவர் என்று நீளமாகப் போட்டிருந்தது. ஆனால் கல்லூரி விடுதியில் மூன்று வருஷம் ஒரே அறையில் இருந்தபோது அவள் ஒட்டடைக்குச்சி, இவள் சோடாபுட்டி. ஒரே வாளி, ஒரே இஸ்திரிப் பெட்டி, பரீட்சை வந்தால் ஒரே போர்வை.

கடைசி வருஷம் இருவரும் ஒரே கம்பெனிக்கு வேலைக்கு எழுதிப் போட்டார்கள். ஒட்டடைக்குச்சிக்கு மட்டும் நேர்முகத் தேர்வுக்குக் கடிதம் வந்தது. அறையில் அப்போது இருந்தவள் சோடாபுட்டி. கடிதத்தை வாங்கி மெத்தைக்கு அடியில் வைத்தாள். எனக்கும் வரட்டும், சேர்ந்து சொல்லலாம், சேர்ந்தே போகலாம் என்று தனக்குத்தானே ஒரு சமாதானம். மூன்று நாள் பார்த்தாள். அவளுக்கு வரவில்லை. நான்காம் நாள் பார்த்தபோது, தேர்வு முந்தின நாளே முடிந்திருந்தது. கடிதத்தைக் கிழித்து வாளித் தண்ணீரில் கரைத்தாள்.

கல்லூரி முடிந்து போன பிறகு ஒட்டடைக்குச்சி நான்கு கடிதம் எழுதினாள். 'இன்னும் வேலை கிடைக்கலைடி' என்று ஒன்றில் இருந்தது. எந்த முகத்தோடு பதில் எழுதுவது? எழுதவில்லை. ஐந்தாவது கடிதம் வரவில்லை. இருபத்தொரு வருஷம் ஓடிவிட்டது.

இப்போது நேரில் வருகிறாள். மன்னிப்புக் கேட்க வேண்டும். முகத்துக்கு முகம், கண்ணுக்குக் கண் பார்த்துக் கேட்க வேண்டும். அதற்கு முதலில் கண் என்று ஒன்று தெரிய வேண்டாமா?

விழா அன்று காலை மகளின் அறைக்குப் போனாள்.

"மஸ்காரா இருக்கா?"

"உனக்குத்தான் போடக் கூடாதுன்னு சொல்லியிருக்காங்களே!"

"என்னோட பழசை எறியச் சொன்னாங்க. உன்னோட பழசைப் பத்தி ஒண்ணும் சொல்லலை."

மகள் தலையில் அடித்துக்கொண்டாள். பிறகு பையைத் திறந்தாள். "மூணு வருஷமா வெச்சிருக்கேன். எனக்கு ஒண்ணும் ஆகலை."

இமை நுனியில் ஒரு இழுப்பு. மேலே மகளின் ஐலைனரால் மெல்லிதாக ஒரு கோடு. கண்ணாடியில் பார்த்தாள். முப்பது வருஷத்தில் முதல் தடவையாகத் தன் கண்ணைத் தன் கண்ணாலேயே ரசித்துப் பார்த்தாள். அழகாகத்தான் இருந்தது. இதை யாருமே சொன்னதில்லையே என்று நினைத்தாள்.

அந்த அழகு ஐந்து நிமிஷம் இருந்தது.

மூன்று வருஷத்து மஸ்காரா பொடிப்பொடியாக உதிர்ந்தது. ஒரு துகள் வலது கண்ணுக்குள் விழுந்தது. கண்ணைத் தேய்க்கவே கூடாது என்று டாக்டர் தலைப்பாடாக அடித்துக்கொண்டிருந்தார். தேய்த்தாள். எரிந்தது. குழாய்த் தண்ணீர் கண்ணில் படக் கூடாது என்றும் சொல்லியிருந்தார். குழாயைத் திறந்து நன்றாகக் கழுவினாள். தண்ணீரில் ஐலைனர் கரைந்து இடது கண்ணுக்கும் போய்ச் சேர்ந்தது.

"அம்மா, தேய்க்காதே! எண்ணெய் தொட்டுத் துடைப்போம்."

எண்ணெய் தொட்டுத் துடைத்ததில் கறுப்பு பாதி போனது. மீதிப் பாதி நீலமாகி, கன்னம் வரை பரவி உட்கார்ந்துகொண்டது. நடுவில் இரண்டு கண்ணும் செக்கச்செவேலென்று.

வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டிருந்த கணவன் அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தான். "என்னடி இது!"

"நல்லாத்தான் இருக்கேன். வாங்க."

பஸ்ஸில் எதிர் சீட்டு அம்மாள் முதலில் அவள் முகத்தைப் பார்த்தாள். பிறகு கணவனைப் பார்த்தாள். மறுபடி முகத்தைப் பார்த்தாள். குனிந்து, தணிந்த குரலில் கேட்டாள்: "வீட்டுல பிரச்சினையாம்மா? பயப்படாம சொல்லு."

"ஐயோ, இது மைங்க," என்றாள் லைப்ரரியன், வழிகிற கண்ணைக் கைக்குட்டையால் ஒற்றிக்கொண்டே.

"எல்லாரும் இப்படித்தான் எதையாவது சொல்லி மறைப்பாங்க."

"நான் ஒண்ணும் பண்ணலைங்க!" என்றான் கணவன், கொஞ்சம் சத்தமாக.

பஸ் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. அவன் இரண்டு ஸ்டாப் முன்னாலேயே இறங்கிப் போய்விட்டான்.

கல்லூரி வாசலில் நின்று நர்ஸுக்குப் போன் போட்டாள்.

"தேய்ச்சீங்களா?"

"லேசா."

"தண்ணி?"

"லேசா."

நர்ஸ் மூச்சை இழுத்து விடுவது போனில் கேட்டது. "உடனே கிளம்பி வாங்க."

"விழா முடிஞ்சதும் வந்துடறேன்."

"மேடம், விழா அடுத்த வருஷமும் வரும். கண்ணு வராது."

"ரெண்டே மணி நேரம்மா. எனக்கு ஒருத்தரைப் பார்க்கணும்."

சொல்லிவிட்டுப் பையிலிருந்து சொட்டு மருந்தை எடுத்தாள். ஒரு சொட்டு விட்டதும் எரிச்சல் குறைந்தது. அப்படியானால் நான்கு சொட்டு விட்டால் இன்னும் நல்லது என்று தோன்றியது. விட்டாள். கல்லூரிக் கட்டடமே மழையில் நனைந்த ஜன்னலுக்கு அந்தப் பக்கம் போய்விட்டது.

அந்த மழைக்குள்ளிருந்து பிரின்சிபால் வந்தார். அவளைப் பார்த்ததும் நான்கு அடி பின்னால் போனார்.

"கண்வலியா?"

"இல்லை சார், மை."

"மை போட்டா இப்படியா இருக்கும்? இது ஒட்டிக்கிற கண்வலிம்மா. அவங்க எல்லாருக்கும் கை கொடுப்பாங்க. நாளைக்கு அவங்க கம்பெனி பூரா கண்ணு செவந்து நின்னா யார் பதில் சொல்றது?"

"சார், ஒரு அஞ்சு நிமிஷம் மட்டும் அவங்ககிட்ட…"

"வேண்டவே வேண்டாம். நீங்க மாடிக்குப் போங்க. பழைய புத்தகம் வெச்சிருக்கற ரூம்ல இருங்க. விழா முடியறவரைக்கும் கீழே இறங்காதீங்க."

அந்த வாசிப்பு அறைக்கு மேஜை தேர்ந்தெடுத்தது அவள். விளக்கு எங்கே தொங்க வேண்டும் என்று நாலு தடவை எலக்ட்ரீஷியனோடு மல்லுக்கட்டியது அவள். இப்போது அட்டை கிழிந்த புத்தகங்களுக்கு நடுவே, பசை நாற்றத்தில், ஒரு முக்காலியில் உட்கார்ந்திருந்தாள். கீழே கை தட்டினார்கள். ரிப்பன் வெட்டியிருப்பார்கள். பிறகு மைக்கில் அந்தக் குரல் வந்தது. வார்த்தை எதுவும் மாடிக்குத் தெளிவாக வந்து சேரவில்லை. குரல் மட்டும் அப்படியே இருந்தது. விடுதியில், பக்கத்துக் கட்டிலில் படுத்துக்கொண்டு, தூங்கவிடாமல் பேசிக்கொண்டே இருந்த அதே குரல்.

எழுந்து போய்விடலாமா என்று இரண்டு தடவை நினைத்தாள். பிரின்சிபால் கத்துவார். கத்தட்டுமே. ஆனால் இந்தக் கோலத்தில், அத்தனை பேருக்கு முன்னால்? மறுபடி உட்கார்ந்தாள். மை போடாமல் வந்திருந்தால் இந்நேரம் கீழே முதல் வரிசையில் இருந்திருப்பாள். வெளுத்த முகத்தோடு, சொந்தக் கண்ணோடு. அதற்கென்ன குறைச்சல்?

கொஞ்ச நேரத்தில் படியில் செருப்புச் சத்தம் கேட்டது. வாசலில் ஓர் உருவம் வந்து நின்றது. கலங்கலாகத்தான் தெரிந்தது. ஆனால் அந்த உயரம், நிலைப்படியில் இடிக்காமலிருக்கத் தலையைக் கொஞ்சம் சாய்க்கிற அந்தப் பழக்கம், மாறவே இல்லை.

"எக்ஸ்கியூஸ் மீ, ரெஸ்ட்ரூம் இந்தப் பக்கமா?"

லைப்ரரியன் எழுந்தாள். முக்காலி சரிந்து விழுந்தது. பேச நினைத்தது எல்லாம் மறந்துபோனது. பாதி முகத்தைக் கைக்குட்டை மூடியிருந்தது. மூக்கு அடைத்து, குரல் அவளுடையதாகவே இல்லை.

"நான்தான்," என்றாள். "அந்தக் கடிதத்தை நான்தான் ஒளிச்சு வெச்சேன்."

அந்த உருவம் ஒரு அடி உள்ளே வந்தது.

"இன்டர்வியூ கடிதம். உங்களுக்கு வந்தது. மூணு நாள் மெத்தைக்கு அடியில வெச்சிருந்தேன். பொறாமைதான், வேற ஒண்ணுமில்லை. அப்புறம் கிழிச்சுப் போட்டுட்டேன். எழுதின கடிதத்துக்கெல்லாம் பதில் போடாம இருந்ததும் அதனாலதான். ஒருநாள்கூட மறக்கலை. மன்னிச்சிடுங்க."

ஒட்டடைக்குச்சி என்று கூப்பிட ஆசையாக இருந்தது. ஆனால் அந்த உரிமையைத் தானே தொலைத்துவிட்டோம் என்று 'உங்களுக்கு' என்றே சொன்னாள்.

அந்த உருவம் அருகில் வந்தது. சரிந்த முக்காலியை நிமிர்த்தி வைத்தது. அவள் தோளைப் பிடித்து உட்காரவைத்தது.

"அழாதீங்க. எதுவா இருந்தாலும் போகட்டும் விடுங்க. எல்லாம் முடிஞ்சுபோன விஷயம்."

"மன்னிச்சிட்டீங்களா?"

கைப்பை திறக்கிற சத்தம். பிறகு, "மன்னிச்சாச்சு. போதுமா? கண்ணை மட்டும் தேய்க்காதீங்க, ரொம்ப செவந்திருக்கு." ஒரு டிஷ்யூவைக் கையில் திணித்துவிட்டு அவள் படியிறங்கிப் போனாள்.

லைப்ரரியன் அப்படியே உட்கார்ந்திருந்தாள். நெஞ்சுக்குள் இருபத்தொரு வருஷம் கிடந்த ஏதோ ஒன்று நகர்ந்து இடம் விட்டது போல இருந்தது. ஆனால் அந்த 'நீங்க' குத்தியது. வாடி போடி என்று கூப்பிட்டவள். இப்போது 'அழாதீங்க' என்கிறாள். மன்னிப்பு வேறு, சிநேகம் வேறு. மன்னிப்பைக் கொடுத்தாள், சிநேகத்தைக் கொடுக்கவில்லை. அது நியாயம்தான் என்று தன்னைத் தேற்றிக்கொண்டாள். செய்த காரியத்துக்கு இவ்வளவு கிடைத்ததே பெரிது.

கீழே நாற்காலிகளை மடக்கும் சத்தம் கேட்டது. அட்டெண்டர் அம்மாள் டீயோடு மாடிக்கு வந்தாள்.

"சீஃப் கெஸ்ட் கிளம்பிட்டாங்களா?"

"இப்பத்தான் மேடம். மேல ஒரு அம்மா தனியா அழுதுக்கிட்டு இருக்காங்க, என்னை வேற யாரோன்னு நெனச்சுட்டாங்க போலிருக்கு, பாவம், கொஞ்சம் பாத்துக்குங்கன்னு சொல்லிட்டுத்தான் போனாங்க."

லைப்ரரியன் டீயைக் கீழே வைத்தாள். "வேற… வேற யாரோன்னா?"

"தெரியலை மேடம். கார்ல ஏறாம அரை மணி நேரம் வாசல்லயே நின்னாங்க. அவங்களோட காலேஜ்ல ஒரே ரூம்ல இருந்தவங்க இங்க லைப்ரரியனா இருக்காங்களாம், அவங்களைப் பார்க்கத்தான் இந்த விழாவுக்கே ஒத்துக்கிட்டாங்களாம், எங்கேன்னு கேட்டாங்க. சார் சொல்லச் சொன்ன மாதிரியே, நீங்க இன்னிக்கு லீவுன்னு சொல்லி அனுப்பிட்டேன்."