இரங்காத அப்பா வேண்டும்

"சரிம்மா, உனக்குப் பிடிச்சவனையே கட்டிக்கோ" என்று சொல்லிவிட்டு லாவ் சாம் மூக்கை உறிஞ்சினார்.

இயக்குநர் யுங் தலையில் கை வைத்துக்கொண்டார். படத்தில் லாவ் சாம் கண்டிப்பான அப்பா. ஏழை வாத்தியாரைக் காதலிக்கும் மகள் காலில் விழுந்து கெஞ்ச, குடும்ப மானம்தான் பெரிது என்று அவர் மறுக்க வேண்டும். ஆனால் கதாநாயகி வாய்சிங் மண்டியிட்டாலே மனுஷனுக்குக் கண் கலங்கி, சம்மதம் வந்துவிடுகிறது. சம்மதித்தால் கதை அங்கேயே முடிந்தது. அப்புறம் ஒன்றரை மணி நேரம் ஜனங்கள் எதற்கு அழுவார்கள்?

அவள் முகத்தைப் பார்க்காதீர்கள், வாடகை கேட்டு வரும் வீட்டுக்காரரை நினைத்துக்கொள்ளுங்கள் என்றார் யுங். வீட்டுக்காரரை நினைத்ததும் லாவ் சாமுக்கு நடுக்கம் எடுத்து, அவள் வாயைத் திறக்கும் முன்பே "சரிங்க, சரிங்க" என்றுவிட்டார்.

காதில் பஞ்சு வைத்துப் பார்த்தார்கள். எதுவும் கேட்காததால், உத்தேசமாக அவள் தலையில் கை வைத்து ஆசீர்வாதம் செய்தார்.

"அண்ணே, நீங்க போய்க் கஞ்சி குடிங்க" என்று அவரை அனுப்பிவிட்டு, வில்லன் வேஷக்காரர் ஒருவரை உடனே அனுப்பும்படி பக்கத்து ஸ்டூடியோவுக்குப் போன் போட்டார் யுங்.

கொஞ்ச நேரத்தில் குடையும் கையுமாக, கடுகடுத்த முகத்தோடு ஒருவர் உள்ளே வந்தார். யாருக்கும் வணக்கம்கூட வைக்காமல் நேராக வாய்சிங் முன்னால் போய் நின்றார். வரும்போதே பாத்திரமாக மாறி வந்திருக்கிறாரே என்று பூரித்துப்போன யுங், கேமராவை ஓட்டச் சொல்லி ரகசியமாகக் கை காட்டினார்.

"கிளம்புடி வீட்டுக்கு. இனிமே இவன் முகத்துல நீ முழிக்கக் கூடாது."

வாய்சிங் ஓரடி பின்வாங்கினாள். "அப்பா" என்றாள். கண்ணீர் பொலபொலவென்று வந்தது.

பக்கத்தில் நின்றிருந்த, வாத்தியாராக நடித்த காலூன் சட்டென்று அவர் காலில் விழுந்தான். "ஐயா, கட்டினா இவளைத்தான் கட்டுவேன்."

வசனத்தில் இல்லாத வரி. நன்றாக இருந்ததால் யுங் விட்டுவிட்டார்.

குடைக்காரர் அவனை ஒதுக்கித் தள்ளிவிட்டு, மகளின் கையைப் பிடித்து வாசலை நோக்கி இழுத்துக்கொண்டு போனார். காலூன் பின்னாலேயே ஓடினான். விளக்குக்காரர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

"இவரல்லவா நடிகர்" என்று யுங் கை தட்டினார். "அவங்களைக் கூப்பிடுங்கப்பா, அடுத்த காட்சி எடுக்கலாம்."

தேநீர் கொண்டுவந்த அம்மாள் தட்டைக் கீழே வைத்தாள்.

"அவங்க டாக்ஸி ஏறிட்டாங்க சார். அது அந்தப் பொண்ணோட சொந்த அப்பா. நீங்க வரச்சொன்ன வில்லன் இப்பத்தான் வந்து வாசல்ல நிக்கிறாரு."