சிவப்பு எண்ணெயும் ஜெயக்காந்தனின் மூலமும்

பல்லேபொலயிலிருந்து மாத்தளை போகிற பஸ்ஸில் ஜன்னலோரமாக ஓர் இடம் காலியாக இருந்தது. ஜெயக்காந்தன் உட்காரவில்லை.

"அண்ணே, சீட்டு சும்மா கெடக்குதே, உக்காருங்க," என்றாள் அடுத்த இருக்கையில் இருந்த பெண்.

"பரவாயில்லைங்க. நான் இப்ப எறங்கிருவேன்."

அவன் இறங்க வேண்டியது மாத்தளைக்குக் கிட்ட. அந்தப் பெண்ணும் மாத்தளைக்குத்தான் போனாள். வழி நெடுக அவள் காலி இடத்தையும் அவனையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டே வந்தாள். கம்பியைப் பிடித்தபடி, ஒவ்வொரு குழியிலும் பஸ் தூக்கிப் போடும்போது, ஜெயக்காந்தன் பல்லைக் கடித்துக்கொண்டு வெளியே பார்த்தான்.

அவனால் உட்கார முடியாததற்குக் காரணம் சனிக்கிழமை. சனிக்கிழமைக்குக் காரணம் பிரவீனா என்று அவன் சொல்வான். பிரவீனாவைக் கேட்டால் காரணம் எண்ணெய் என்பாள். அவள் சொல்வதுதான் சரி.

கல்யாணமாகி வருஷம் பல ஆன புருஷன் பெண்டாட்டி. கதவைச் சாத்திய பிறகு, வழக்கமாக ஆண் செய்வதைப் பெண்ணும், பெண் ஏற்றுக்கொள்வதை ஆணும் மாற்றிச் செய்து பார்த்தால் என்ன என்று ஒருநாள் பேச்சு வந்தது. பேச்சை எடுத்தவன் ஜெயக்காந்தன்தான். முதலில் இரண்டு பேருக்கும் சிரிப்பு வந்தது, பிறகு ஆசை வந்தது. அதற்கென்று இருக்கிற சாமானைக் கொழும்பிலிருந்து பார்சலில் எடுப்பித்தார்கள். கூட வந்த இடுப்பு வார் பிரவீனாவுக்குப் பிடிக்கவில்லை. யட்டவத்தையில் தையல் கடை வைத்திருப்பவள் அவள். "இதெல்லாம் ஒரு தையலா?" என்று பிரித்துப் போட்டுவிட்டு, ஸ்கூல் பேக் வாரை வைத்து இரட்டைத் தையல் போட்டுப் புதிதாகவே தைத்துக்கொண்டாள். இதற்கு முகம் சுளிப்பவர்கள் இந்த இடத்தோடு வாசிப்பதை நிறுத்திக்கொள்ளலாம். நிறுத்த மாட்டார்கள் என்பது எனக்குத் தெரியும்.

ஆசையில் ஒரு தப்பும் இல்லை. தப்பு வேறு இடத்தில் நடந்தது.

"ஃபார்மசியில அதுக்குன்னு ஒரு ஜெல் இருக்குதாம். வாங்கிட்டு வாங்க," என்று பிரவீனா சொல்லியிருந்தாள்.

"ஃபார்மசிக்காரன் எனக்குத் தெரிஞ்ச ஆளு. என்னா நெனைப்பான்?"

"ஜெல் வாங்குறான்னு நெனைப்பான்."

ஜெயக்காந்தன் போகவில்லை. அவன் மாணிக்கவாசகம் முதலாளியின் ஸ்பைஸ் கார்டனில் கைடு வேலை செய்பவன். வெள்ளைக்காரர்களைக் கூட்டிக்கொண்டு போய் மிளகுக் கொடியையும் கறுவா மரத்தையும் காட்டி, கடைசியில் கடைக்குள் கொண்டுபோய்ச் சிவப்பு எண்ணெய் போத்தலைக் கையில் கொடுப்பான். கராம்பு, மிளகு, கறுவா எல்லாம் போட்டு இறக்கிய எண்ணெய். முழங்கால் வலிக்குத் தேய்ப்பது. ஆனால் ஜெயக்காந்தன் அப்படிச் சொல்ல மாட்டான். தலையிலிருந்து கால் வரைக்கும், உள்ளுக்கும் வெளிக்கும், எல்லாத்துக்கும் நல்லது என்பான். தினம் தினம் அதையே சொல்லிச் சொல்லி, வெள்ளைக்காரர்கள் நம்பினார்களோ இல்லையோ, அவன் நம்பிவிட்டான்.

"நம்ம தோட்டத்து எண்ணெய் வீட்டுலயே இருக்கு," என்றான் சனிக்கிழமை.

அடுத்த நிமிஷம் அவன் போட்ட சத்தத்தில், பட்டப்பகலில், எதிர்வீட்டு நாய் தன் வீட்டுக்காரரையே பார்த்துக் குரைத்தது.

திங்கட்கிழமை தோட்டத்தில், எல்லோரும் தேநீருக்கு பெஞ்சில் உட்கார்ந்தபோது, ஜெயக்காந்தன் சாதிக்காய் மரத்தில் சாய்ந்து நின்றான். கூட வேலை செய்யும் கைடு மாடசாமி அவனை மேலும் கீழும் பார்த்தார்.

"என்னாடா, காலைலேருந்து நின்னுக்கிட்டே இருக்க?"

"மூலம்ண்ணே," என்றான் ஜெயக்காந்தன். பஸ்ஸிலேயே யோசித்து வைத்திருந்த பதில். யாரும் மேலே கேள்வி கேட்காத நோய் என்று நினைத்திருந்தான்.

மாடசாமி கேள்வி கேட்கவில்லைதான். கேட்காமலே எல்லோரிடமும் சொன்னார். தேநீர்க் கோப்பை கழுவி வைக்கும் முன்பே சமையல்காரர் கருணைக்கிழங்கு வைத்தியம் சொன்னார். வாட்ச்மேன் துத்தி இலை பறித்து வந்தார். சாப்பாட்டு நேரத்துக்கு முதலாளியே வந்துவிட்டார்.

"ஜெயக்காந்தா! ஏன் என்கிட்ட மறைச்ச?" மாணிக்கவாசகம் அவன் தோளைப் பிடித்தார். கண்ணில் உண்மையான பாசம் இருந்தது. "இந்த வேதனை எனக்குத் தெரியும்டா. போன வருஷம் எனக்கும் வந்திச்சு. நின்னுக்கிட்டே சாப்பிட்டேன், நின்னுக்கிட்டே டீவி பாத்தேன்."

"எப்படிங்க மொதலாளி சொகமாச்சு?"

"வேற என்னா? நம்ம செவப்பு எண்ணெய்தான்!"

பக்கத்திலேயே கடைக் கல்லாவில் இருந்த முதலாளியின் மனைவி சுந்தரம்மா தலையை நிமிர்த்தி ஒருமுறை பார்த்தார். பிறகு போத்தல்களைத் துடைக்கப் போய்விட்டார். அவர் அதிகம் பேசாத மனுஷி.

"இந்தா," என்று முதலாளி ஒரு போத்தலை நீட்டினார். "போயி இப்பவே போட்டுக்கிட்டு வா. நான் இங்கேயே நிக்கிறேன்."

ஜெயக்காந்தன் கழிவறைக்குள் போய் எண்ணெயை ஊற்றிக் கொட்டிவிட்டு, கொஞ்ச நேரம் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றுவிட்டு, காலை அகட்டி வைத்து வெளியே வந்தான்.

"எரியுதா?"

"எரியுதுங்க."

"அப்ப வேலை செய்யுதுன்னு அர்த்தம்!" முதலாளிக்கு முகமெல்லாம் மலர்ந்தது. "ஜெயக்காந்தா, இந்த எண்ணெய மூலத்துக்குன்னு தனியா விக்கப் போறேன். லேபல் அடிக்கக் குடுத்துட்டேன். நீதான் சாட்சி. வெள்ளிக்கிழமை ஃபேஸ்புக்குல லைவ் போடுறோம். நாற்காலியில ஜம்முன்னு உக்காந்து, சொகமாயிடிச்சுன்னு சிரிச்சுக்கிட்டே சொல்லணும்."

"மொதலாளி, நான் எதுக்குங்க..."

"சொன்னா நீதான் ஹெட் கைடு. சொல்லாட்டி, என் எண்ணெய நம்பாத ஆளுக்கு என் தோட்டத்துல என்னா வேலை?"

வீட்டில் இதைச் சொன்னபோது பிரவீனா சிரித்தாள். அவன் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பை நிறுத்தினாள்.

"இன்னும் வலிக்குதா?"

"கூடிக்கிட்டுப் போவுது."

"அப்ப பொய்ய விடுங்க. மொதல்ல டொக்டருகிட்ட போவோம்."

மாத்தளையில் டொக்டர் ஆதிபாவின் டிஸ்பென்சரிக்குப் போனார்கள். ஜெயக்காந்தன் அங்கேயும் நின்றுகொண்டே "மூலம்" என்றான். டொக்டர் திரைக்குப் பின்னால் கூட்டிப்போய்ப் பரிசோதித்துவிட்டு வந்து கையைக் கழுவினார்.

"இது மூலம் இல்ல. தோல் சின்னதா வெடிச்சிருக்கு. சுத்திவர வெந்தும் போயிருக்கு. என்ன போட்டீங்க?"

"கொச்சிக்காய்க் காரம் கொஞ்சம் கூடச் சாப்பிட்டுட்டேன் டொக்டர்."

"கொச்சிக்காய் சாப்பிட்டா இப்படி வேகாது."

ஜெயக்காந்தன் சுவரில் இருந்த டெங்கு போஸ்டரை வாசிக்கத் தொடங்கினான். பிரவீனாதான் சொன்னாள். சுற்றி வளைக்காமல், குரலைத் தாழ்த்தாமல், சாமான், வார், சிவப்பு எண்ணெய் எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னாள். சொல்லி முடித்துவிட்டு, ஏதாவது சொல்லிப் பாருங்கள் என்பதுபோல நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

டொக்டர் ஆதிபா ஒன்றும் திடுக்கிடவில்லை. "ரெண்டு பேருக்கும் விருப்பமா?" என்று மட்டும் கேட்டார்.

"ஆமா," என்றாள் பிரவீனா.

"நீங்க சொல்லுங்க," என்றார் டொக்டர் ஜெயக்காந்தனைப் பார்த்து.

"ஆமாங்க," என்றான் அவன் டெங்கு போஸ்டரிடம்.

"அப்ப அது உங்க வீட்டு விஷயம். எனக்கு எண்ணெய்தான் பிரச்சினை. கராம்பும் மிளகும் போடுற இடமா அது? அங்க இருக்கிற தோல் ரொம்ப மெல்லிசு. ஃபார்மசியில தண்ணியால செஞ்ச ஜெல் இருக்கு, அதப் பாவிச்சுக்கோங்க. தாராளமாப் பூசுங்க. அவசரப்படக் கூடாது. வலிச்சா உடனே நிறுத்தணும், பல்லக் கடிச்சுக்கிட்டு இருக்கிறது வீரம் இல்ல. சாமான சவுக்காரம் போட்டுக் கழுவுங்க, அதுக்கு மேல கொண்டம் போட்டுக்கொண்டா இன்னும் நல்லது. எண்ணெய் பட்டா கொண்டம் கிழியும், அதையும் ஞாபகம் வெச்சுக்கோங்க. இப்ப இது ஆறுற வரைக்கும் ஒண்ணும் வேணாம். இளஞ்சூட்டுத் தண்ணியில உக்காருங்க, கீரை பழம் சாப்பிடுங்க. ரத்தம் போனா ஒளிக்காம வாங்க."

ஜெயக்காந்தன் முதல்முறையாகப் போஸ்டரிலிருந்து திரும்பினான். "டொக்டர், எங்களமாதிரி வேற யாரும்..."

"வாறாங்க. எத்தனை பேருன்னு எனக்குச் சொல்லத் தெரியாது, ஏன்னா யாரும் உண்மையச் சொல்றதில்ல. படியில விழுந்தேன்னு வாறாங்க, மூலம்னு வாறாங்க. இன்னைக்குத்தான் ஒரு ஆள் நேராச் சொல்லிக் கேக்கிறேன்." டொக்டர் பிரவீனாவைப் பார்த்துச் சிரித்தார்.

வெளியே வந்ததும் பிரவீனா நேரே ஃபார்மசிக்குள் போனாள். ஜெயக்காந்தன் வாசலில் நின்றான். அவள் ஜெல் கேட்டாள், ஃபார்மசிக்காரன் எடுத்துக் கொடுத்தான், வானம் ஒன்றும் இடிந்து விழவில்லை.

"பாத்தீங்களா?" என்றாள் வெளியே வந்து. "இதுக்கு வெக்கப்பட்டுத்தான் வெந்து போனீங்க. வெள்ளிக்கிழமை என்னா செய்யப் போறீங்க?"

"சொகமாச்சுன்னு சொல்லிட்டு வந்திருறேன். இல்லாட்டி வேலை போயிரும் பிரவீனா."

"போனாப் போகட்டும். என் மெஷின் இருக்கு. நம்ம ரெண்டு பேரு செஞ்சதுக்கு நான் ஒரு நாளும் வெக்கப்பட மாட்டேன். ஆனா நீங்க பொய் சொல்லி, அத நம்பி ஒரு மனுஷன் வெந்து போனான்னா, அதுக்கு வெக்கப்படுவேன்."

வெள்ளிக்கிழமை கடை வாசலில் குஷன் போட்ட நாற்காலி ஒன்றை வைத்திருந்தார்கள். பக்கத்தில் புது லேபல் ஒட்டிய போத்தல்கள் அடுக்கியிருந்தன. மாடசாமி கைப்பேசியைத் தாங்கியில் பொருத்தினார். பிரவீனா தன் தையல் கடையைப் பூட்டிவிட்டு வந்து மிளகுக் கொடியோரம் நின்றாள். ஊரிலிருந்து சிலரும் வந்திருந்தார்கள். அதில் யட்டவத்தைப் பக்கத்துப் பெரியவர் ஒருவர், லைவ் தொடங்கும் முன்பே ஒரு போத்தலைக் கையில் எடுத்து வைத்துக்கொண்டு நின்றார். அவரும் உட்காரவில்லை. அவருடையது நிஜ மூலம் என்பது அவர் முகத்திலேயே தெரிந்தது.

ஜெயக்காந்தன் நாற்காலியில் மெதுவாக இறங்கினான். குஷன் இருந்தும் கண்ணில் தண்ணீர் வந்தது.

"பாருங்க, ஆனந்தக் கண்ணீர்!" என்றார் மாணிக்கவாசகம் கைப்பேசியைப் பார்த்து. "எங்க கைடு ஜெயக்காந்தன். மூலத்தால நாலு நாளா நின்னுக்கிட்டே இருந்த ஆளு. இன்னைக்கு எப்படி உக்காந்திருக்காரு பாருங்க. சொல்லு ஜெயக்காந்தா."

ஜெயக்காந்தன் வாயைத் திறந்தான். சுகமாச்சு என்ற ஒரே ஒரு வார்த்தை போதும், ஹெட் கைடு. அந்தப் பெரியவர் போத்தல் மூடியைத் திருகிக்கொண்டிருந்தார்.

"ஐயா, அதத் தொறக்காதீங்க," என்றான் ஜெயக்காந்தன்.

"என்னா?" என்றார் முதலாளி.

"அது முழங்காலுக்குத் தேய்க்கிற எண்ணெய். அங்க போட்டீங்கன்னா வெந்து போயிரும். எனக்கு அப்படித்தான் வெந்திச்சு." அவன் எழுந்து நின்றான். நின்றதும் வலி குறைந்தது, குரல் கூடியது. "எனக்கு மூலமே இல்ல. நான் சொன்னது பொய். நானும் என் பொஞ்சாதியும் வீட்டுக்குள்ள கதவச் சாத்திக்கிட்டு, மாத்திச் செஞ்சு பாத்தோம். அவ வாரக் கட்டிக்கிட்டா, நான் குனிஞ்சேன். எங்க ரெண்டு பேருக்கும் இஷ்டம். எண்ணெய மட்டும்தான் பிழையாப் போட்டோம். ஆறினதும் திரும்பவும் செய்வோம். ஜெல் வாங்கி வெச்சாச்சு!"

பெரியவர் போத்தலைச் சூடு பட்டவர்போல மேசையில் வைத்தார். பிரவீனா வந்து புருஷன் பக்கத்தில், தோளோடு தோள் ஒட்டி நின்றுகொண்டாள்.

"மாடசாமி, நிப்பாட்டு!" என்று முதலாளி அலறினார்.

"எத அமத்துறதுன்னு தெரியலைங்க மொதலாளி," என்றார் மாடசாமி. "ஸ்கிரீன்ல இதயமா மேல போயிக்கிட்டே இருக்கு."

மாணிக்கவாசகத்தின் முகம் எண்ணெயைவிடச் சிவந்துவிட்டது. "வெக்கமா இல்ல? ஆம்பளையாடா நீ? என் மானத்த வாங்கிட்டியே!"

"அவரு ஆம்பளைதான். நேரா நின்னு உண்மையச் சொன்னாரு," என்றாள் பிரவீனா. "எங்களமாதிரி எத்தனையோ பேரு இருக்காங்கன்னு டொக்டரே சொன்னாங்க. வாயத் தொறக்கத்தான் மாட்டாங்களாம்."

"பொய்! எவனாவது செய்வானா இத? இந்த மாத்தளையில, மானமுள்ள குடும்பத்துல, ஒருத்தன் இருப்பானா? ஒரே ஒருத்தன்! பேரச் சொல்லு பாப்போம்!"

கல்லாவிலிருந்து சுந்தரம்மா எழுந்து வந்தார். போத்தல் துடைக்கிற துணியை மடித்து மேசையில் வைத்தார்.

"கொஞ்சம் மெதுவாப் பேசுங்க. லைவ் இன்னும் நிக்கல, போன வருஷம் உங்களுக்கு எப்படி வெந்திச்சுன்னு நானும் சொல்ல வேண்டி வந்திரும்."