முன் ரூமுக்கு வாங்கின ஸ்டே

முன் ரூமை மட்டும் எவனுக்கும் விட்டுக் கொடுப்பதில்லை என்று தட்சிணாமூர்த்தி சபதமே போட்டுவிட்டார். அண்ணன் ஆதிமூலம் என்ன, அந்த ஆண்டவனே வந்து கேட்டாலும் கிடையாது!

பின்னே? உப்பளம் பகுதியில் அப்பா விட்டுப்போன வீடு, இன்னும் பாகம் பிரியவில்லை. அதில் காத்து வருகிற ஒரே இடம் முன் ரூம்தான். காலை ஷிப்ட் முடிந்து வந்தால் அங்கேதான் அவர் கட்டில், அவர் ஃபேன், அவர் மத்தியானத் தூக்கம். அந்த ரூம் சுவரை இடித்து செல்போன் கடை வைக்கப் போகிறாராம், பக்கத்துப் போர்ஷன் அண்ணன்! வயிறு எரியுமா, எரியாதா?

"கத்தி இன்னா ஆவப்போவுது? பேசாம கோர்ட்டுக்குப் போங்க" என்றாள் மனைவி அன்புசெல்வி. கல்யாணமான நாளிலிருந்து அவள் புருஷன் பக்கம் பேசியது அன்றைக்குத்தான். தட்சிணாமூர்த்திக்குக் கண்ணே கலங்கிவிட்டது.

ஸ்டே கிடைத்தது. கேஸ் முடிகிறவரை இடிக்கக் கூடாது, கட்டக் கூடாது, விற்கக் கூடாது. இருப்பது இருக்கிறபடியே இருக்கவேண்டும். எது எப்படி இருக்கிறது என்று பார்த்து எழுத, கோர்ட்டு ஒரு வக்கீலைக் கமிஷனராக அனுப்பும். தட்சிணாமூர்த்தி தெரு முழுக்க லட்டு கொடுத்தார். வேண்டுமென்றே அண்ணன் வீட்டுக்கு ரெண்டு.

கமிஷனர் வருவதற்கு முந்தின நாள், தவளக்குப்பத்திலிருந்து மாமியார் சின்னப்பொண்ணு கருவாட்டுக் கூடையோடு வந்து இறங்கினார். அம்மாவைக் கூடவே வச்சிக்கலாம் என்று அன்புசெல்வி கேட்காத பொங்கல் இல்லை. இடமில்லை என்று இவர் சொல்லாத தீபாவளி இல்லை.

"எத்தினி நாளு?"

"ரெண்டே நாளுங்க. முட்டி வலியாம். கதிர்காமம் ஆஸ்பத்திரில காட்டிட்டு அனுப்பிடறேன்."

மறுநாள் கமிஷனர் வந்தார். இஸ்திரி போட்ட சட்டையில் தட்சிணாமூர்த்தி அவரை எதிர்கொண்டு அழைத்து வந்தார்.

"உள்ள எல்லாம் நான் காட்டறேன். நீங்க வாசல்ல நில்லுங்க. உங்க அண்ணன் வந்து கலாட்டா பண்ணிடப் போறாரு" என்றாள் அன்புசெல்வி.

நின்றார், காவல் தெய்வம் மாதிரி. கமிஷனர் பார்த்தார், எழுதினார், போட்டோ எடுத்தார், காபி குடித்துவிட்டுப் போனார்.

மூன்றாம் நாள் மத்தியானம் தட்சிணாமூர்த்தி ஆட்டோவோடு வந்தார். மாமியார் அவர் கட்டிலில், அவர் ஃபேனுக்கு அடியில் மல்லாந்திருந்தார்.

"அத்த, ஆட்டோ வந்துடுச்சி. கிளம்பலாமா?"

"ஐயையோ! இன்னாங்க காரியம் பண்றீங்க?" அன்புசெல்வி ஓடி வந்தாள். "கோர்ட்டு உத்தரவை மீறுறீங்களே!"

"எந்த உத்தரவுடி?"

"நீங்க வாங்குனதுதான். முன் ரூம்ல கட்டில் ஒண்ணு, ஃபேன் ஒண்ணு. கட்டில்ல குடியிருக்கிறது எங்க அம்மா, கட்டிலுக்கு அடியில கருவாட்டுக் கூடை. நான் சொல்லச் சொல்ல கமிஷனர் எழுதிக்கினு போயிட்டாரு. போட்டோ எடுக்கறப்ப அம்மா சிரிச்சாங்க."

அக்கிரமம்! பட்டப்பகலில் அக்கிரமம்! தட்சிணாமூர்த்தி தன் வக்கீலுக்குப் போன் போட்டார்.

"கை வைக்காதீங்க சார். உங்க அண்ணன் பெட்டிஷன் போட்டுடுவாரு. கேஸ் முடியட்டும்."

"எப்ப சார் முடியும்?"

வக்கீல் சிரித்தார். சிரித்துக்கொண்டே இருந்தார்.

"டேய் தம்பி!" பக்கத்துப் போர்ஷனிலிருந்து ஆதிமூலத்தின் குரல். "அத்தைய அந்த ரூம்லருந்து நவுத்துன, கோர்ட்டுக்குப் போயிடுவேன்!"

ஆட்டோ திரும்பிப் போயிற்று. ஃபேன் சுற்றியது, கருவாடு மணத்தது, மாமியார் குறட்டை விட்டார். ரூமைக் காப்பாற்றிய மனிதனுக்கு அதில் தலை சாய்க்க இடமில்லை. அடிவயிற்றிலிருந்து கத்தினார்.

"அப்ப நான் எங்கடி படுக்கறது?"

"கமிஷனர் வந்தப்ப நீங்க எங்க இருந்தீங்க?"

"வாசல்ல."

அன்புசெல்வி பாயையும் தலையணையையும் பவ்யமாக அவர் கையில் கொடுத்தாள்.

"இருக்கறது இருக்கறபடியே இருக்கட்டுங்க" என்று கதவைச் சாத்தினாள்.