மறுப்புக்குக் காத்திருக்கும் மனிதர்

தற்பெருமைக்காரர்களைக் கண்டு நாம் பயப்பட வேண்டியதில்லை. வாயைத் திறந்ததும் சரக்கு மொத்தமும் வெளியே வந்துவிடும்; 'அப்படியா, அடடா' என்று இரண்டு தரம் சொல்லிவிட்டு நம் வேலையைப் பார்க்கப் போகலாம். ஆபத்தானவர் வேறொருவர். அவர் தன்னைப் புகழ்ந்துகொள்ளவே மாட்டார். நம் வாயாலேயே புகழ வைப்பார். 'நான் என்ன அப்படிப் பெரிய ஆளு' என்று சொல்லிவிட்டுச் சற்று நிறுத்துவார் பாருங்கள், அந்த நிறுத்தத்தில்தான் அவருடைய பிழைப்பே இருக்கிறது. நாம் பதறிப்போய் மறுத்தாக வேண்டும். மறுக்காதவன் மனிதனே அல்ல. இந்த இனம் எல்லா நாட்டிலும் உண்டு என்றாலும் நன்றாகக் கொழுத்து வளர்வது சுவீடனில். அதிலும் யேவ்லே நகரத்தில். அதிலும் கால்பந்து ஏஜெண்ட் யெஸ்பர் வீட்மார்க்கின் அலுவலகத்தில்.

யெஸ்பர் ஒரு காலத்தில் மஞ்சள் ஜெர்சி போட்டுக்கொண்டு நாட்டுக்காக ஆடியவர். அந்த ஜெர்சி அலுவலகச் சுவரில் மாட்டியிருக்கும் என்று நினைக்கிறீர்களா? எவ்வளவு கேவலமான நினைப்பு! அது கழிவறையில் தொங்குகிறது. கண்ணாடிச் சட்டத்துக்குள், உட்கார்ந்தால் நேர் எதிரே, தலைக்கு மேல் அதற்கென்று தனியாக ஒரு சின்ன விளக்குடன். "வேற எடம் இல்ல, அங்க ஒரு ஓரமாப் போட்டு வெச்சிருக்கேன்" என்பார். அலுவலகத்தின் மூன்று சுவர்கள் ஆணிகூட இல்லாமல் மொட்டையாக நிற்கின்றன. சரி, வந்தவர் அந்தப் பக்கமே போகாமல் திரும்பிவிட்டால்? அதற்குத்தான் காப்பி. கோப்பை பாதி ஆவதற்குள் மறுபடி ஊற்றுவார், பிறகும் ஊற்றுவார், வந்தவர் நெளிய ஆரம்பித்ததும் கதவைக் காட்டிவிட்டு, தான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார். வெளியே வருகிறவர் முகம் மாறியிருக்கும். "யெஸ்பர்! நீ சொல்லவே இல்லையே!" யெஸ்பருக்கு உடனே வெட்கம் வந்துவிடும்.

ஆட்டத்தை விட்ட நாளில் தொலைக்காட்சிக்காரர்கள் "இனி என்ன பண்ணப் போற?" என்று கேட்டார்கள். "எனக்கு என்ன தெரியும்? ஒண்ணுமே தெரியாது" என்றார். அடக்கம் என்றால் இதுவல்லவா அடக்கம் என்று நாடே உருகியது. ஆட்டக்காரர்கள் வரிசையாக வந்து, எங்களுக்காக நீதான் பேச வேண்டும் என்று நின்றார்கள். ஏஜெண்ட் ஆகிவிட்டார்.

தொழில் முறையும் அதேதான். கிளப்காரரிடம் போய், "நம்ம ஆள் சுமார்தான்" என்பார். நிறுத்துவார். கிளப்காரரும் அதே மண்ணில் பிறந்தவர் அல்லவா? "என்னது, சுமாரா? அவன் புலி, யெஸ்பர்!" என்று பதறுவார். விலை ஏறுவதும் அவர் வாயாலேயே. இருபது வருடம் இப்படியே ஓடியது.

வந்தது வினை, இத்தாலியிலிருந்து.

தில்டா நூர்லீன் என்று ஒரு தடுப்பாட்டக்காரி. வயது இருபத்தொன்பது. மாலையில் பந்து, குளிர்காலம் முழுக்க விடியற்காலையில் நகராட்சியின் பனி தள்ளும் வண்டி ஓட்டுகிற வேலை. பந்தாட்டத்தை மட்டுமே தொழிலாக வைத்துக்கொள்ள வேண்டும் என்பது அவள் ஆசை. அவளைத் தேடி இத்தாலியக் கிளப் ஒன்றிலிருந்து லொரேத்தானா என்ற அம்மாள் யேவ்லேக்கே வந்து இறங்கினார். இது போனால் இன்னொரு கிளப் வரப்போவதில்லை என்பது தில்டாவுக்குத் தெரியும். யெஸ்பருக்கும் தெரியும்.

யெஸ்பரின் அலுவலகத்தில் தில்டாவோடு மூவரும் உட்கார்ந்தார்கள்; மேசையில் இலவங்கப்பட்டை பன், ஜாடி நிறையக் காப்பி. லொரேத்தானா ஒரு மிடறு குடித்தார். கோப்பைக்குள் எட்டிப் பார்த்தார். தள்ளி வைத்துவிட்டார். அதோடு கழிவறைக்குப் போகும் வழி அடைபட்டது.

"நீங்களும் நாட்டுக்காக ஆடினவர்னு சொன்னாங்களே?" என்று லொரேத்தானாவே கேட்டார்.

அப்பாடா! "ஏதோ, பேருக்கு. அப்ப ஆள் கிடைக்கல போல, என்னைக் கூப்பிட்டாங்க" என்றார் யெஸ்பர். நிறுத்தினார்.

"ஓ, அப்படியா" என்றார் லொரேத்தானா.

யெஸ்பர் காத்திருந்தார். எதுவும் வரவில்லை. இன்னொரு வாய்ப்புக் கொடுப்போம் என்று, "ஒரு கோல்கூடப் போட்டேன். முழங்கால்ல பட்டு அதுவா உள்ள போயிடுச்சு" என்றார்.

"அதிர்ஷ்டம். பந்தாட்டத்துல அதெல்லாம் நடக்கிறதுதான்" என்று ஆறுதல் சொன்னார் அந்த அம்மாள்.

முழங்காலாவது! வலையின் மூலைக்குள் பந்தை வளைத்து அனுப்பிய கோல் அது. ஆனால் அதை இனி யார் சொல்வது? யெஸ்பர் பரிதாபமாகத் தில்டாவைப் பார்த்தார். அவள் தன் காலணியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சரி, இவங்க எப்படி ஆடுவாங்க?"

"மோசமில்ல" என்றார் யெஸ்பர்.

யேவ்லேயில் அதற்கு மேல் ஒரு பட்டம் கிடையாது. முப்பதாவது திருமண நாளில் கணவன் அந்த வார்த்தையைச் சொன்னால் மனைவி கண்ணைத் துடைத்துக்கொள்வாள். லொரேத்தானாவின் புருவம் மட்டும் கீழே இறங்கியது.

"தலையால முட்டி ஆடுறது?"

"சமாளிப்பா."

"எங்க டீமுக்குச் சரிப்படுவாங்களா?"

"அதச் சொல்ல நான் யாரு?" யெஸ்பர் நிறுத்தினார். இதைவிட அழகான நிறுத்தம் அவர் வாழ்நாளில் அமைந்ததில்லை.

லொரேத்தானா எழுந்து கோட்டை எடுத்தார். "உங்க நேர்மைக்கு ரொம்ப நன்றி. என்கிட்ட வர்ற ஏஜெண்ட் ஒவ்வொருத்தனும் தன் ஆளைத் தேவதைம்பான். நீங்க ஒருத்தர்தான் உள்ளதச் சொன்னீங்க."

தட்டில் ஒரே ஒரு பன் மிச்சமிருந்தது. கடைசிப் பன்னை அந்த ஊரில் யாரும் எடுப்பதில்லை. பாதியை வெட்டி எடுக்கலாம். அடுத்தவர் மிச்சத்தில் பாதி. அதற்கடுத்தவர் அதிலும் பாதி. முடிவில் ஒரு பொடி தட்டிலேயே காய்ந்து கிடக்கும். யெஸ்பருக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை; கை தன்பாட்டுக்குப் பன்னை இரண்டாக வெட்டியது. ஒரு பாதியை எடுத்துக்கொண்டு கத்தியைத் தில்டாவிடம் நீட்டினார்.

தில்டா கத்தியை வாங்கிக் கீழே வைத்தாள். மிச்சப் பாதியை அப்படியே எடுத்து வாயில் போட்டுக்கொண்டாள்.

"தில்டா!" என்றார் யெஸ்பர். சாட்சிக்காரர் முன்னால் திருட்டு நடந்தது போலிருந்தது அவருக்கு.

"உக்காருங்க" என்று லொரேத்தானாவிடம் சொன்னாள் தில்டா, வாய் நிறையப் பன்னோடு. "நான் நல்லா ஆடுவேன். ரொம்ப நல்லா ஆடுவேன். போன வருஷம் என்னைத் தாண்டிப் போனவ யாருன்னு இந்த ஊர்ல கேட்டுப் பாருங்க. ஒருத்தி பேர் வரும். அவளும் அன்னைக்கு ஆஃப்சைடு, கணக்குல வராது."

"அவ அப்படிச் சொல்ல வரல..." என்று யெஸ்பர் இடையில் புகுந்தார்.

"நீ சும்மா இரு யெஸ்பர். அப்படித்தான் சொல்ல வந்தேன்."

லொரேத்தானா யெஸ்பரைப் பார்த்தார். "இவங்க சொல்றது பொய்யா?"

யெஸ்பர் கூரையைப் பார்த்தார், ஜன்னலைப் பார்த்தார், காப்பி ஜாடியைப் பார்த்தார். ஒரே ஒரு வார்த்தை. அதைப் பல் பிடுங்குவதைப் போல இழுத்து வெளியே போட்டார். "இல்ல."

"இத முன்னாடியே சொல்றதுக்கு என்ன?" லொரேத்தானா கோட்டை நாற்காலியில் போட்டுவிட்டு உட்கார்ந்தார். மாலையில் மைதானத்துக்குப் போய்ப் பயிற்சியைப் பார்த்தார். மறுநாள் ஒப்பந்தம் தயார். கையெழுத்துப் போட்ட கையோடு தில்டா சொன்னாள்: "யெஸ்பர், தப்பா எடுத்துக்காத. இனிமே எனக்கு நானே பேசிக்கிறேன்."

உள்ளூர்ப் பத்திரிகைக்காரன் போன் செய்தான். "யெஸ்பர்! பனி வண்டியிலேருந்து இத்தாலி! எப்படிய்யா சாதிச்ச?"

யெஸ்பருக்கு மனம் கனத்திருந்தது. ஒரு தரமாவது உள்ளதைச் சொல்லிவிடுவோம் என்று தோன்றியது. "நான் ஒண்ணுமே பண்ணல. கெடுக்கத்தான் பார்த்தேன். அவளே பேசி முடிச்சா. என்னை வேலையவிட்டும் தூக்கிட்டா."

போனில் சிரிப்பு வெடித்தது. "நீ மாறவே மாட்ட!"

"நெசமாத்தான் சொல்றேன்!"

"அதான் தெரியுமே!"

யெஸ்பர் சத்தியம் செய்தார். மறுநாள் அதையும் சேர்த்தே போட்டார்கள்: 'புகழ் வேண்டாமென்று சத்தியம் செய்த வீட்மார்க்!' அந்த வாரமே புதிதாக நான்கு ஆட்டக்காரர்கள் வாசலில் வந்து நின்றார்கள். யெஸ்பர் நால்வரையும் உள்ளே அழைத்தார், காப்பி ஊற்றினார், "என்னை நம்பியா வந்தீங்க?" என்று ஆரம்பித்தார்.

வாசகரே, இதைப் படித்துவிட்டு வீட்டில் இருப்பவரிடம், 'நல்லவேளை, பெருமைப்பட்டுக்கொள்ள என்னிடம் ஒன்றும் கிடையாது' என்று சொல்லப் போகிறீர்கள். தாராளமாகச் சொல்லுங்கள். சொல்லி முடித்த பிறகு, அவர் முகத்தை எவ்வளவு நேரம் பார்த்துக்கொண்டு நிற்கிறீர்கள் என்பதை மட்டும் கொஞ்சம் கவனியுங்கள்.