சீரியலில் நான் செத்த பிறகு

இந்த மாதம் எப்படியாவது உயிரோடு திரும்பிவிடுவது என்று முடிவெடுத்தேன். பதறாதீர்கள், மூச்சு நன்றாகத்தான் ஓடுகிறது. நான் செத்தது சீரியலில்.

பெயர் பாக்கியநாதன், ஊர் ஆரம்பாக்கம். இருபத்திரண்டு வருஷமாகக் குணச்சித்திர நடிகன். சினிமாவில் நாலு தடவை ஜட்ஜாக சுத்தியல் தட்டினேன். ஆறு தடவை டாக்டராகக் கண்ணாடியைக் கழற்றினேன். சீரியலில்தான் முதன்முதலாகப் பெயருள்ள பாத்திரம், கதாநாயகியின் அப்பா. மூன்று வருஷம் தேர்வாய் கண்டிகை தொழிற்பேட்டைக்குக் கம்பெனி பஸ்ஸில் போகிறவர்கள்கூட ஜன்னல் வழியே "அப்பா!" என்று கை காட்டினார்கள்.

போன மாதம் சீரியல் மேனேஜர் சரவணன் போன் செய்தார்.

"அண்ணா, சிரிச்ச மாதிரி ஒரு போட்டோ அனுப்புங்க. மார்பளவு. பெருசா போடப் போறோம்."

போஸ்டருக்கு என்று நினைத்தேன். புதுச் சட்டை வாங்கி, கும்மிடிப்பூண்டி ஸ்டுடியோவில் பல் தெரியச் சிரித்தேன். என் மனைவி கிரேஸ் மட்டும் இழுத்தாள்.

"இன்னாய்யா, மார்பளவு கேக்குறாங்க? எனுக்கு சரியாப் படல."

"உனுக்கு இன்னா தெரியும்? சும்மா இரு."

பத்தாம் நாள் டிவியில் என் போட்டோ வந்தது. பெருசாகத்தான் போட்டிருந்தார்கள். மேலே சந்தன மாலை, கீழே விளக்கு. வெளியூர் போன இடத்தில் நெஞ்சுவலியாம். சாகிற சீனைக்கூட எனக்குக் கொடுக்கவில்லை. அதுதான் இன்னும் ஆறவில்லை.

அப்போதுதான் திட்டம் உதித்தது. செத்த அப்பாவுக்கு சிங்கப்பூரில் ஒரு இரட்டைத் தம்பி. அவன் வந்து மாலை போட்ட போட்டோ முன்னால் கதறுகிறான். நான்கு பக்கம் வசனம் எழுதினேன். ஆனால் செத்தவனே போய் வாய்ப்புக் கேட்டால் மரியாதையாக இருக்குமா? கிரேஸிடம் கொடுத்தேன்.

"டைரக்டர் கிட்ட படிச்சுக் காட்டு, போதும். நடிக்கல்லாம் வேணாம். உனுக்கு வராது."

"ம்" என்றாள்.

அந்த 'ம்' என்னைப் பயமுறுத்தியிருக்க வேண்டும். இருபத்திரண்டு வருஷமாக எனக்கு எதிர் வசனம் படித்தவள் அவள்தான். கதாநாயகி, வில்லன், போலீஸ் எல்லாம் அவளே. சோறு வடித்துக்கொண்டே, தாளைப் பார்க்காமல் சொல்வாள். ஒருமுறை மணவாள நகரில் ஷூட்டிங். வேடிக்கை பார்க்க வந்தவளிடம் டைரக்டர், "நீங்க ஒரு வரி பேசுறீங்களாம்மா?" என்றார். அவள் வாய் திறக்குமுன் நான் சொன்னேன், "அவளுக்கு வராது சார்." வீடு வரும்வரை பஸ்ஸில் அவள் வெளியேதான் பார்த்தாள். ஏன் என்றுகூட நான் கேட்கவில்லை. தப்புதான். இப்போது நினைத்தால் வலிக்கிறது.

சாயங்காலம் திரும்பி வந்து செருப்பைக் கழற்றினாள்.

"இன்னா ஆச்சு கிரேசு?"

"டைரக்டருக்கு ரொம்பப் புட்சிப் போச்சு. நான் படிக்கச் சொல்லோ மேக்கப் போடுற பொண்ணு அழுதுடிச்சி."

"அப்ப தம்பி வரானா?"

"தம்பி வரல. தங்கச்சி வரா."

"எந்தத் தங்கச்சி?"

"நான்தான்."

நாற்காலியைத் தேடினேன். "என் வசனம்?"

"ஒரு எழுத்து மாத்தலய்யா. 'அண்ணே, என்ன உட்டுட்டுப் போயிட்டியே'ன்னு எழுதியிருந்த. பொம்பள சொன்னா இன்னா கொறஞ்சிடப் போவுது? ஆரம்பாக்கத்துல ரயில் ஏறும்போதே தம்பிய எறக்கி உட்டுட்டேன்."

கோபம் வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. அவள் முகத்தில் இருந்த சந்தோஷத்தை நான் கல்யாணத்தன்றுகூடப் பார்த்ததில்லை. அதைப் பார்க்க எனக்கு இருபத்திரண்டு வருஷமும் ஒரு சாவும் தேவைப்பட்டிருக்கிறது.

"சரி. என்னப் பத்தி எதுனா கேட்டியா?"

"கேக்காம வருவனா? உனுக்கும் ஒரு சீன் வாங்கிக்கினுதான் வந்தேன். தங்கச்சி கனவுல நீ வர."

எனக்கு உயிர் திரும்பியது. "டயலாக் எவ்ளோ?"

"டயலாக் எல்லாம் எனுக்குத்தான். நான் பேசப் பேச நீ தலைய ஆட்டணும். ஊட்ல ஆட்டுற மாதிரியே ஆட்டுவாரு, ரிகர்சல் வேணாம்னு சொல்லிட்டேன்."

ஆட்டினேன்.