நாலு மணிக்குள் இறங்கணும்

"இடம் போதவில்லை" என்றது போன்.

மெக்கானிக் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, திரையை மூக்குக்குக் கிட்டே கொண்டுவந்து மறுபடி படித்தார். அதேதான். எட்டு பேர் ஏற வேண்டிய பெட்டியில் ஒன்பதாவது ஆள் நுழைந்தால் மணியடிக்கிற லிஃப்டை அவருக்குத் தெரியும். முப்பது வருஷமாக அதைத்தான் பழுது பார்க்கிறார். போனும் அப்படி மணியடிக்கும் என்று அவருக்குத் தெரியாது.

மொட்டைமாடியில் இருந்த மோட்டார் அறையில், கிரீஸ் டப்பாவைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் உட்கார்ந்திருந்தார். எதிரே லிஃப்ட் மோட்டார் பாதி பிரித்தபடி கிடந்தது. அதை அவர் ஒன்பதே காலுக்கு மறந்துவிட்டார். ஒன்பதே காலுக்குத்தான் மெசேஜ் வந்தது. மகளிடமிருந்து. மூன்று வருஷத்தில் முதல் மெசேஜ்.

"இன்று மாலை நான்கு மணிக்கு என் ஆஸ்பத்திரி திறப்பு விழா. தூரத்தில் இருப்பதால் வர முடியாது என்று சொல்லாதீர்கள். 'நேரில்' ஆப்பை இறக்கி, கீழே உள்ள லிங்கைத் தொட்டால் போதும், என் பக்கத்திலேயே இருப்பீர்கள். உங்கள் வாழ்த்து இல்லாமல் இந்த நாள் எனக்கு நிறையாது."

இதுவரை பதினாறு தடவை படித்துவிட்டார். 'அப்பா' என்று எங்கேயும் போடவில்லை. கூச்சப்பட்டிருப்பாள் என்று அவரே ஒரு காரணம் கண்டுபிடித்து, அதில் சமாதானமும் ஆகிவிட்டார்.

மகள் மிருக டாக்டர். எஞ்சினியராகப் போ என்று அவர் சொன்னதைக் கேட்காமல் மாடு, நாய், பூனை என்று போனவள். மூன்று வருஷத்துக்கு முன்னால், சொந்தக்காரர்கள் நாலைந்து பேர் சாப்பிட உட்கார்ந்திருந்த ஒரு மத்தியானம், சட்டையெல்லாம் நாய் முடியோடு வீட்டுக்குள் வந்தாள். "நாய்க்கு ஊசி போடறவளுக்கெல்லாம் இந்த வீட்டுல தட்டு கிடையாது" என்று ஒரு வார்த்தை விட்டார். எல்லாரும் சிரித்தார்கள். மகள் சிரிக்கவில்லை. கை கழுவிக்கொண்டு வந்தவள், அப்படியே திரும்பி, பெட்டியை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டாள். "தமாஷுக்குத்தானே சொன்னேன்" என்றார் மனைவியிடம். அதற்கப்புறம் "அவளே பேசட்டும்" என்றார். மூன்று வருஷம் அதையே சொன்னார்.

இதோ, பேசிவிட்டாள். இந்தப் பாழாய்ப்போன போன்தான் இடமில்லை என்கிறது.

படியேறி மூச்சு வாங்க வந்து நின்றான் கட்டடத்துக் காவலாளி. "என்னண்ணே, லிஃப்ட் எப்ப ஓடும்? அஞ்சாவது மாடியம்மா காய்கறிப் பையோட படியில உக்காந்துகிட்டு என்னைத் திட்டறாங்க."

"இருப்பா. முதல்ல ஒரு ஆப் இறங்கட்டும். அப்புறம் லிஃப்ட் இறங்கும்."

காவலாளி போனை வாங்கிப் பார்த்தான். நாள் முழுக்க வாசலில் உட்கார்ந்து போனைத் தடவிக்கொண்டே இருப்பவன். தனக்குத் தெரியாதது எதுவுமில்லை என்று அவன் நம்பினான். அவனைச் சுற்றியிருந்தவர்களும் வேறு வழியில்லாமல் நம்பினார்கள்.

"படம்தான் அடைச்சுகிட்டிருக்கு. ஆயிரத்துச் சொச்சம் இருக்கே! என்னண்ணே இதெல்லாம், ஒரே கம்பியா?"

கம்பிதான். அவர் கைவைத்த ஒவ்வொரு லிஃப்டின் வயரிங்கும் அதில் இருந்தது. எந்த ஊதாக் கம்பி எந்தத் திருகுக்குப் போகிறது என்பது அந்தப் படங்களுக்கும் அவருக்கும் மட்டும் தெரிந்த விஷயம். அந்தக் கம்பிகளுக்கு நடுவே எங்கோ மகளின் படங்களும் கொஞ்சம் இருந்தன. ராத்திரியில் சில நாள் தள்ளித் தள்ளித் தேடுவார். கம்பி, கம்பி, கம்பி, மகள், கம்பி.

"ஒண்ணொண்ணா அழிச்சா பொழுது போயிடும். மொத்தமா அழிச்சிடட்டுமா?"

மெக்கானிக் ஒரு நிமிஷம் யோசித்தார். சாயங்காலம் அவளையே பார்க்கப் போகிறோம், படம் எதற்கு?

"அழி."

அழித்தான். 'குப்பைத்தொட்டி' என்று ஒன்று இருக்கிறது, அதையும் காலி செய்தால்தான் இடம் வரும் என்று அதையும் காலி செய்தான். ஆப் இறங்க ஆரம்பித்தது. திரையில் ஒரு வட்டம் சுற்றியது. 'காத்திருக்கிறது' என்று வந்தது. சுற்றிக்கொண்டே இருந்தது. மெக்கானிக் பீடி பிடிக்கிறவராக இருந்தால் இரண்டு பிடித்திருப்பார்.

"எதுக்குப்பா காத்திருக்கு?"

"அது சொல்லாதுண்ணே. ஒண்ணு பண்ணுங்க, போன்ல இருக்கற கணக்கை எடுத்துட்டுத் திருப்பிப் போடுங்க. என் மச்சான் போனு அப்படித்தான் சரியாச்சு."

எடுத்தார்கள். திருப்பிப் போடப் போனபோது பாஸ்வேர்டு கேட்டது.

"பாஸ்வேர்டு என்னண்ணே?"

"எனக்கென்ன தெரியும்? எல்லாம் அவதான் போட்டுக் குடுத்தா."

"எவ?"

மெக்கானிக் திருப்புளிகளைப் பையில் போட்டுக்கொண்டு எழுந்தார். "வீட்டுக்குப் போய்ப் பாத்துக்கறேன். லிஃப்ட் நாளைக்குத்தான்."

"அஞ்சாவது மாடியம்மாவுக்கு நான் என்ன சொல்ல?"

"படி ஏறினா உடம்புக்கு நல்லதுன்னு சொல்லு."

வீட்டில் மனைவி, நல்ல நாளில் மட்டும் கட்டுகிற புடவையை மேஜைமேல் விரித்துத் தேய்த்துக்கொண்டிருந்தாள். மத்தியான வேளையில் எதற்குப் புடவை என்று கேட்கிற நிலையில் அவர் இல்லை. செருப்பைக்கூடக் கழற்றாமல் உள்ளே வந்தார்.

"இறங்கி வந்துட்டா பாத்தியா! கூப்பிட்டிருக்கா."

"யாரு?"

"யாரா? உம் பொண்ணு! நான் இல்லாம நாள் நிறையாதாம். எழுதியிருக்கா."

மனைவியின் கை புடவைமேல் அப்படியே நின்றது. "உங்களுக்கா?"

"பின்ன, பக்கத்து வீட்டுக்காரனுக்கா?" மெசேஜை அவள் முகத்துக்கு நேரே நீட்டினார்.

அவள் படித்தாள். படித்து முடித்து அவர் முகத்தைப் பார்த்தாள். ஏதோ சொல்ல வாயைத் திறந்தவள், புடவை கருகுகிற வாசம் வந்ததும் இஸ்திரிப் பெட்டியைத் தூக்கி நிமிர்த்தி வைத்தாள்.

"என் போன்ல அந்த ஆப் இருக்கு. ரெண்டு பேரும் இதுலயே பாத்துடலாமே" என்றாள் மெதுவாக.

"உன் போன்ல பாத்தா உன் பேருதானே அங்க விழும்? நான் வந்தது அவளுக்கு எப்படித் தெரியும்? அவ கூப்பிட்டது என்னை. அதை விடு, அவ பொறந்த வருஷம் என்ன?"

மனைவி அவரையே பார்த்தாள். "எந்த லிஃப்ட் எந்த வருஷம் மாட்டினதுன்னு கேட்டா தூக்கத்துல சொல்வீங்க."

"இப்ப அதுவா முக்கியம்? சொல்லு, பாஸ்வேர்டுக்கு வேணும்."

சொன்னாள். அது இல்லை. அவருடைய பிறந்தநாளைப் போட்டார், அதுவும் இல்லை. கல்யாண நாளைப் போடலாம் என்றால் அதையும் மனைவியிடமே கேட்க வேண்டும். அதற்கு அவருக்கே ஒரு மாதிரியாக இருந்தது. கடைசியில் போனே ஒரு வழி சொன்னது. கணக்கு ஆரம்பித்தபோது கொடுத்த இன்னொரு எண்ணுக்குக் கேள்வி போயிருக்கிறதாம். 'உள்ளே நுழைய முயல்வது நீங்கள்தானா?' அங்கே 'ஆம்' என்று அழுத்தினால் இங்கே திறந்துவிடுமாம்.

அந்த எண்ணின் கடைசி இரண்டு இலக்கத்தைப் பார்த்தார். மகளுடையது.

மெக்கானிக்குக் குஷி தாங்கவில்லை. இந்நேரம் அவள் போனில் அவர் பெயர் வந்திருக்கும். பார்த்ததும் புரிந்துகொள்வாள். அப்பா கிளம்பிவிட்டார், வாசலில் நிற்கிறார், திறந்துவிட வேண்டியதுதான் பாக்கி என்று. கண்ணாடி முன்னால் போய்த் தலையை வாரிக்கொண்டார். சட்டையை மாற்றினார். திரும்பி வந்தபோது திரையில் பதில் இருந்தது.

'இது நான் இல்லை என்று உரிமையாளர் தெரிவித்துள்ளார். பாதுகாப்புக்காக இந்தக் கணக்கு பூட்டப்பட்டது.'

"என்னாச்சு?" என்றாள் மனைவி.

"ஒண்ணுமில்ல. திறப்பு விழான்னா சும்மாவா? ஆயிரம் வேலை இருக்கும். கை தவறிப் பட்டிருக்கும்."

மனைவி புடவையை மடிக்க ஆரம்பித்தாள். ஒரு தடவை மடித்ததையே பிரித்து மறுபடி மடித்தாள்.

மணி இரண்டரை. இனி யார் தயவும் வேண்டாம், முப்பது வருஷம் மெஷினோடு மல்லுக்கட்டியவனுக்கு இது எம்மாத்திரம் என்று தானே செட்டிங்ஸுக்குள் இறங்கினார். 'புதிய மென்பொருள் தயார்' என்று ஒரு வரி கண்ணில் பட்டது. பழசாக இருப்பதுதான் எல்லாக் கோளாறுக்கும் காரணம் என்று முடிவு கட்டி அதை அழுத்தினார். போன் கருப்பாகி, நடுவில் ஒரு கோடு மட்டும் ஊர்ந்தது. 'அணைக்க வேண்டாம்' என்று கீழே எழுதியிருந்தது. நாற்பது, ஐம்பத்திரண்டு, எழுபது. எண்பத்தேழில் நின்றது. ஐந்து நிமிஷம் அப்படியே நின்றது. பத்து நிமிஷம்.

எது நடுவில் நின்றாலும் மெயின் சுவிட்சை இறக்கி ஏற்று. இதுதான் அவருடைய தொழிலின் முதல் பாடம். இதற்கு முன்னால் தோற்றதே இல்லை. போனின் பக்கவாட்டுப் பொத்தானை அழுத்திப் பிடித்தார்.

"அணைக்க வேண்டாம்னு போட்டிருக்கே!" என்றாள் மனைவி.

"லிஃப்ட்லயும்தான் போட்டிருக்கும்."

போன் அணைந்தது. மறுபடி உயிர் வந்து, கம்பெனி முத்திரை தெரிந்தது. அதற்குமேல் எதுவும் தெரியவில்லை. எத்தனை தடவை இறக்கி ஏற்றினாலும் அந்த முத்திரைதான் முழித்துக்கொண்டு நின்றது.

"என் போன் இருக்குங்க" என்றாள் மனைவி மறுபடியும். அவர் அதற்குள் தெருவில் இறங்கிவிட்டார்.

தெருமுனையில் இருந்த போன் ரிப்பேர் கடை ஒரு அலமாரி அகலம்தான். கடைக்காரர் கண்ணில் பூதக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு யாருடைய போனையோ கூறு போட்டுக்கொண்டிருந்தார். அவருக்கு முன்னால் இரண்டு பேர் நின்றார்கள். மெக்கானிக் வாழ்நாளில் முதல் தடவையாக முன்பின் தெரியாதவர்களிடம் கெஞ்சினார். "ரொம்ப அவசரம்ங்க. நாலு மணிக்குள்ள இறங்கணும்." எங்கே இறங்க வேண்டும் என்று புரியாவிட்டாலும் அவர் முகத்தைப் பார்த்து வழிவிட்டார்கள்.

கடைக்காரர் போனை ஒரு புரட்டுப் புரட்டினார். "நடுவுல அணைச்சீங்களா சார்?"

"தானா அணைஞ்சுடுச்சு."

"எல்லாரும் இதையேதான் சொல்றாங்க." பூதக்கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டார். "ஒரே வழிதான். மொத்தமா துடைச்சுட்டுப் புதுசு மாதிரி ஆரம்பிக்கணும். உள்ள இருக்கறது எல்லாம் போயிடும். பரவாயில்லையா?"

"காலையிலேயே எல்லாம் போயிடுச்சுங்க. இருக்கறதே ஒண்ணுமில்ல. துடைங்க."

"யோசிச்சுக்குங்க சார்."

"யோசிக்க நேரமில்ல. துடைங்க!"

துடைத்தார். கடைக்காரருக்குக் கை சுத்தம். புதுக் கணக்கு ஒன்று ஆரம்பித்தார், பாஸ்வேர்டை ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதி மெக்கானிக்கின் சட்டைப்பையில் செருகினார், பழைய எண்ணிலேயே மெசேஜ் வரும்படியும் செய்தார். 'நேரில்' என்று தட்டினார். காலையிலிருந்து ஒரு மனுஷனின் உயிரை வாங்கிய ஆப், நாற்பது நொடியில் சத்தமில்லாமல் இறங்கி உட்கார்ந்தது. பெயர் கேட்டது. மெக்கானிக் தானே வாங்கி, ஒற்றை விரலால், 'அப்பா' என்று அடித்தார்.

மணி மூன்று ஐம்பத்தேழு.

"அவ்வளவுதான் சார். இனி வந்த லிங்கைத் தொட்டீங்கன்னா நேரா உள்ள போயிடுவீங்க."

மெக்கானிக் மெசேஜைத் திறந்தார். வெள்ளையாக இருந்தது. மேலே தள்ளினார், கீழே தள்ளினார். இன்றைக்குத்தான் கடையில் வாங்கிய போன் போல, ஒரு எழுத்து இல்லாமல் பளிச்சென்று இருந்தது.

"லிங்க் எங்கங்க?"

"எல்லாம் போயிடும்னு சொன்னேனே சார்."

மெக்கானிக் கடை வாசல் படியில் உட்கார்ந்துவிட்டார். காலையிலிருந்து யாரிடமும் வாய்விட்டுச் சொல்லாததெல்லாம் அப்போது தானாக வெளியே வந்தது. "எம் பொண்ணுங்க. மூணு வருஷமா பேச்சு வார்த்தை இல்ல. தப்பு எம் மேலதான். ஒரு நாய் பூனை ஆஸ்பத்திரி வச்சிருக்கா. இன்னைக்குத் திறப்பு விழா. வீம்பு புடிச்சவங்க, என்னை மாதிரியேதான், இருந்தும் அவளே மனசு வச்சு, நீங்க இல்லாம இந்த நாள் நிறையாதுன்னு என்னைத் தேடி எழுதியிருந்தா. அதை நானே என் கையால..."

சட்டைக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். வரிசையில் நின்ற இரண்டு பேரும் வேறு பக்கம் பார்த்தார்கள்.

கடைக்காரர் முகம் சட்டென்று மலர்ந்தது. மேஜை இழுப்பறையிலிருந்து தன் போனை எடுத்து வேகமாகத் தள்ளிக்கொண்டே சொன்னார்:

"அட, அந்த டாக்டரம்மாவோட அப்பாவா நீங்க? இதுக்குப் போயா சார் கண் கலங்கறீங்க, அதே மெசேஜ் காலையில எனக்கும் வந்துச்சு, இதோ அனுப்பிடறேன். போன்ல இருக்கற அத்தனை நம்பருக்கும் மொத்தமா தட்டிவிட்டிருக்காங்க, நாலு வருஷத்துக்கு முன்னாடி ஒரே ஒரு தடவை கண்ணாடி மாத்திக் குடுத்ததோட சரி, என் நம்பரை அழிக்க மறந்துட்டாங்க போல."