குங்குமத் தட்டும் கிமோனோக்காரியும்

கோவில்பட்டியில் எதை வேண்டுமானாலும் தள்ளிப்போடலாம். கல்யாணப் பத்திரிகையோடு வந்தவர்களை மட்டும் காக்க வைக்க முடியாது. வீட்டிலிருக்கிற அத்தனை பேரும் எழுந்து வந்து, சேர்ந்து நின்று வாங்கவேண்டும். என் முதல் நேர்காணல் அப்படித்தான் சந்தி சிரித்தது.

வேலை இதுதான்: வயது வந்தோருக்கான ஜப்பானியக் கதை விளையாட்டுகளில் (படம் பார்த்து, வசனம் வாசித்து, நடுநடுவே நாமே முடிவெடுப்பது) வரும் பாத்திரங்களைப் பற்றி வெளிநாட்டுக்காரர்களுக்குக் குறிப்பு எழுதுவது. வீட்டில் 'ஜப்பான் மொழிபெயர்ப்பு' என்று மட்டும் சொல்லியிருந்தேன். லேப்டாப் திரை உடைந்திருந்ததால் (நான்தான் மேலே உட்கார்ந்தேன்) அதை ஹாலில் இருந்த டிவியில் இணைத்திருந்தேன். என் அறிவை மெச்சத்தான் வேண்டும்.

சென்னையிலிருந்து பேசிய மேடம் நாயகியின் படத்தைக் காட்டினார். இருபத்துநாலு வயது ஹருகா. கிமோனோ ஒரு தோளிலிருந்து நழுவியிருந்தது. "அத்தை மகனை இவ்வளவு விரும்புறா. அப்புறம் ஏன் திட்டிக்கிட்டே இருக்கா? விளையாடுறவங்க இவளைத் திமிர் பிடிச்சவங்கறாங்க."

ஆழ்மனம், அகங்காரம் என்று நான் உளறிக்கொண்டிருந்தபோது ஓட்டப்பிடாரத்து அத்தை கல்யாணப் பத்திரிகையும் குங்குமத் தட்டுமாக உள்ளே வந்தார். அப்பா என்னைத் தூக்கி நிறுத்தினார். மைக்கை அணைக்கத் தோன்றவில்லை.

அத்தையின் கண் டிவிக்குப் போனது. "யாரு ஏட்டி இந்தப் பிள்ள? முந்தி நழுவுதது தெரியாம நிக்கா."

அப்பா பார்த்த பார்வையில் வேலை, மானம் இரண்டும் போயின. வேறு வழியில்லாமல் கதையைச் சொன்னேன். டோக்கியோ போன அத்தை மகன் எட்டு வருஷம் கழித்துத் திரும்பியிருக்கிறான். இவள் வாய்க்கு வந்தபடி ஏசுகிறாள். ஆனால் தினமும் அவனுக்குச் சாப்பாடு கட்டிக் கொடுக்கிறாள்.

"ஏசத்தான் செய்வா. முறைக்காரன் எட்டு வருசமா எட்டிப் பாக்கல. இப்பம் வந்தா பல்லக் காட்டணுமா? சோறு கட்டிக் குடுக்காள்லா, அதுலயே எல்லாம் சொல்லிட்டா. இனி அவன் வீட்டாளுவ வந்து முறையா கேக்கணும்."

ஜப்பானிலும் இடையில் ஆள் வைத்துப் பேசி முடிக்கிற வழக்கம் உண்டு. புத்தகத்தில் படித்திருந்தேன், வாயில்தான் வரவில்லை.

டிவியிலிருந்து மேடம் குரல் வந்தது. "அந்தம்மா சொன்னதை அப்படியே எழுதி அனுப்புறீங்களா? இதுவரை யாருமே இப்படிச் சொல்லல."

ஒரு கையில் பத்திரிகை, நெற்றியில் குங்குமம். வேலை கிடைத்துவிட்டது. அன்று நான் நடந்த நடைக்கு பஜாரே பத்தவில்லை.

விளையாட்டில் வரும் பல முடிவுகளில் ஒன்றில் ஹருகாவும் அவனும் பிரிந்துவிடுவார்கள் என்று பிறகு அத்தையிடம் சொன்னேன். "அவன் வீட்டு விலாசத்தக் குடு, நான் போய்ப் பேசுதேன்" என்றார்.

என் கல்யாணத்துக்குக் குலசாமிக்கு ஒரு பத்திரிகை எடுத்து வைத்தபின், அடுத்ததில் அப்பாவே எழுதினார்: 'ஹருகா குடும்பத்தார், ஜப்பான்.' நானே கொடுக்கேன் என்று வாங்கிப்போன அத்தையின் வீட்டு பீரோவில் அது இன்னும் இருக்கிறது. ஹருகாவை மாப்பிள்ளை வீட்டார் இன்னும் கேட்டு வரவில்லையாம், வந்த பிறகுதான் கொடுப்பாராம்.